மலைமேற் கண்ணகி! தொட்டிலில் எவள்?

ஆண்டிற்கு ஒரே ஒரு நாள், சித்திரை முழுநிலா நாளன்று, கூடலூரை அடுத்து வானளாவி நிற்கும் மலையின் உச்சிக்குத் தமிழ்மக்கள் ஏறிச் செல்கின்றனர். பளியன்குடியினின்று காட்டுவழியே கால்கடுக்க நடப்பார் ஒருசாரார். குமுளியைச் சுற்றி வண்டியிற் செல்வார் மற்றொருசாரார். கம்பம், உத்தமபாளையம், சின்னமனூர், போடி, தேனி எனப் பள்ளத்தாக்கின் ஊர்களெல்லாம் அன்று அம்மலையையே நோக்கியிருக்கும். புலிகள் காப்பகத்தின் நடுவே, கேரளக் காவலரும் தமிழகக் காவலரும் சோதித்துச் சோதித்து விட, ஏறத்தாழ 1,300 மீற்றர் உயரத்திற் சிதைந்து கிடக்கும் கற்றளியின் முன் அவர்கள் கைகூப்பி நிற்கின்றனர். பொழுது சாயுமுன் இறங்கிவிட வேண்டும். அதன்பின் வழி அடைபடும். மீண்டும் திறக்க ஓராண்டாகும்.

இறங்குங்கால் நெரிசலிற் பிள்ளைகள் கைதவறிப் போகாவண்ணம் தாய்மார் பெயர் சொல்லி அழைப்பர். அவ்வழைப்புகளை உற்றுக் கேட்பார்க்கு ஓர் உண்மை உறைக்கும். ‘இகா’ என்று முடிவன பல. ‘ஸ்ரீ’ என்று முடிவன பல. பொருள் கேட்டால் ஈன்றாளே விழிக்கும் பெயர்கள் பற்பல. கண்ணகி என்னும் பெயரோ காதில் விழுவது அரிதினும் அரிது. எவளைக் காண உயிரைப் பணயம் வைத்து ஏறினார்களோ, அவள் பெயரை மலைமேலேயே விட்டுவிட்டு இறங்குகின்றனர்! கூடலூரிலோ கம்பத்திலோ ஒரு தொடக்கப்பள்ளியின் வருகைப் பதிவேட்டைப் புரட்டினாலும் இதே நிலைதான். தமிழியக்கம் ஓங்கியிருந்த காலத்துப் பிறந்த கண்ணகிகள் சிலர் உளர். அவர்கள் இன்று பாட்டியர். பேர்த்திக்குப் பாட்டி பெயர் இடும் வழக்கம் வேறு அற்றுப் போயிற்று.

மலைநாட்டு மக்கள் தம் மண்ணை மறந்தவர்கள் என்று இதற்குக் கரணியம் கூறவியலாது. சுருளியாற்றின் பெயரைச் சுருளி, சுருளியம்மாள், சுருளிவேல் என்று தலைமுறை தலைமுறையாகத் தம் மக்கட்கு இட்டவர்கள் இவர்கள். 1895-இற் பெரியாற்று அணையைக் கட்டி முடித்த பென்னிகுயிக்கு என்னும் வெள்ளையனின் பெயரைக்கூடத் தம் ஆண்மக்கட்கு இட்டு அழைக்கும் நன்றியுணர்வினர் இவர்கள். வாய்க்கு வழங்காத அப்பெயரையே ஏற்ற நா, வாய்நிறையத் தேனாய் இனிக்கும் கண்ணகி என்னும் பெயர்முன் ஏன் தயங்குகின்றது?

தயக்கத்தின் கரணியம் ஊரறிந்தது. “அவள் வாழாது போனவள், கொண்டவனை இழந்தவள், ஊரை எரித்தவள், அப்பெயர் பெண்பிள்ளைக்கு ஆகாது” என்பர் கிழவியர். அதனைக் கேட்டுத் தலையசைப்பர் பட்டம் பெற்ற பெற்றோர். நன்று! அவ்வாறாயின் சீதை என்ன வாழ்ந்தாள்? காட்டில் அலைந்தாள், மாற்றான் ஊரிற் சிறையிருந்தாள், தீயில் இறங்கினாள், சூலுற்ற நிலையிற் கணவனாலேயே துரத்தப்பட்டாள், இறுதியில் மண்பிளந்து மறைந்தாள். சந்திரமதி அடிமையாக விலைபோய்ப் பிள்ளையைச் சுடலைக்குத் தூக்கினாள். தமயந்தி நள்ளிரவிற் காட்டில் கைவிடப்பட்டாள். திரௌபதியின் துகிலை நிறைந்த அவையில் உரிந்தனர். இவர்தம் பெயர்களை இடும்போது எவர்க்கும் நெஞ்சு நடுங்கவில்லை. எந்தக் கிழவியும் குறுக்கே வரவில்லை. வடவர் கதையிற் பெண் பட்ட துன்பம் பெயருக்குப் பெருமையாம். தமிழச்சி பட்ட துன்பம் மட்டும் பெயருக்குத் தீட்டாம்! இது பெண்பிள்ளை மேல் வைத்த அன்பன்று. பன்னூற்றாண்டு அடிமைத்தனம் நெஞ்சில் வைத்த அளவுகோல்.

அப்பெயரின் பொருள்தான் என்ன? அதனை ஒருமுறையேனும் எண்ணியவர், அழுகையின் பெயர் என்று அதனை ஒதுக்கார். கண் + நகி = கண்ணகி. நகு என்னும் வினைப்பகுதி மலர்தலையும் ஒளிர்தலையும் சிரித்தலையும் உணர்த்தும். நகை, நகைப்பு என்பன அதன்வழி வந்தன. அழகு உடையாள் அழகி ஆதல்போல், நகுதல் உடையாள் நகி. (நகு என்பதன் ஈறு முற்றியலுகரமாயிற்றே, உயிர்வரக் கெடுமோ என்று வினவும் மாணவர்க்கு, முற்றியலுகரமும் ஒரோவழிக் கெடும் என்று நன்னூலார் விடை வைத்துள்ளார்.) ணகர ஒற்றின்முன் வந்த நகரம் ணகரமாகத் திரிந்தது. கண்களால் நகுபவள், ஒளிசிந்தும் விழியினள், சிரித்த கண்ணாள் என்பதே பொருள். கண்ணீர் என்னும் சொல்லும் இதே புணர்ச்சியிற் பிறந்ததுதான்: கண் + நீர். ஒரே கண், ஒரே விதி. ஒன்றிற் பிறந்தது நீர், மற்றொன்றிற் பிறந்தது நகை. இரண்டையும் பிரித்தறியாமல், நகையின் பெயரைக் கண்ணீரின் பெயராக்கி மூலையில் ஒதுக்கினர். ‘இகா’ப் பெயர்களுள் எதற்கேனும் இத்தகைய பொருளை அதனை இட்டவர் எடுத்துச் சொல்வரா?

இன்னொன்றும் அறியத்தக்கது. கண்ணகி என்பது சிலப்பதிகாரத் தலைவி ஒருத்திக்கே உரிய பெயரன்று. புறநானூற்றின் 143 முதல் 147 வரையுள்ள ஐந்து பாடல்கள் வையாவிக் கோப்பெரும்பேகனை நோக்கியவை. மயிலுக்குப் போர்வை ஈந்த அவ்வள்ளல் தன் மனைவியைத் துறந்திருந்தான். கபிலர், பரணர், அரிசில்கிழார், பெருங்குன்றூர்கிழார் ஆகிய நால்வரும் அவள்பொருட்டு அவனை இடித்துரைத்துப் பாடினர். பொன்னும் தேரும் வேண்டாம், அவள் துயர் களைவதே எமக்குப் பரிசில் என்று பாவலர் ஒருவர்க்குப் பின் ஒருவராய் ஒரு பெண்ணுக்காக வழக்காடியது உலக இலக்கியத்தில் வேறெங்கும் எளிதிற் காணக்கிடையாத காட்சி. அவள் பெயரும் கண்ணகி என்றே அப்பாடல்களின் அடிக்குறிப்புகள் கூறுகின்றன. பேகனின் நாடு பழனிமலை நாடு. தேனி மாவட்டத்திற்கு வடக்கே சுவர்போல் நிற்கும் அதே மலைத்தொடர். ஆகத் தெற்கே ஒரு கண்ணகி, வடக்கே ஒரு கண்ணகி. இரு கண்ணகியர்க்கு நடுவே கிடக்கும் பள்ளத்தாக்கில் அப்பெயருக்கு இடமில்லை என்றால் சிரிப்பதா, அழுவதா?

பகுத்தறிவு பேசுவோர் வேறொரு தடை எழுப்புவர். பெரியார் சிலப்பதிகாரத்தைக் கடுமையாகச் சாடினார். கணவன் எது செய்யினும் பொறுத்துக் கிடந்த கண்ணகியைப் பெண்ணுக்கு எடுத்துக்காட்டாக வைப்பது அடிமைத்தனம் என்றார். அக்குற்றச்சாட்டில் உண்மை இல்லையென்று தள்ளிவிட முடியாது. புகாரில் வாய்திறவாதிருந்த கண்ணகியை எவரும் போற்ற வேண்டுவதில்லை. ஆயின் மதுரையில் நின்றவள் வேறொருத்தி. தலைவிரி கோலமாய், ஒற்றைச் சிலம்பொடு அரசவையுள் நுழைந்து, நீ யார் என்று வினவிய வேந்தனுக்கு அவள் விடையிறுக்கும் முறையைக் காண்க. கன்றை இழந்த ஆவிற்கு முறைசெய்த சோழனின் ஊர் தன் ஊர் என்கின்றாள். கணவன் இன்னான் என்கின்றாள். இறுதியில் தன் பெயர் கண்ணகி என்று தன் வாயாலேயே அறைகின்றாள். ஆராயாது தீர்ப்பளித்த ஒரு பேரரசின் முகத்துக்கு நேரே ஒரு குடிமகள் தன் பெயரைச் சொல்லி முறைகேட்ட இடம் அது. முத்தா மாணிக்கமா என்ற வினாவிற்கு விடை சிலம்பு உடைந்தவுடன் தெரிந்தது; அரசன் உயிர் துறந்தான். அடிமைக்கு அமைந்த பெயரா அது? அரசுக்கு அஞ்சாத பெண்ணின் பெயர் அல்லவா?

தன் பெயரைத் தானே அவையில் அறைந்தவளின் பெயரைப் பின்வந்தோர் எவ்வாறெல்லாம் மறைத்தனர் என்பது தனி வரலாறு. வையைக் கரைவழியே மேற்கு நோக்கி நடந்து, நெடுவேள் குன்றம் ஏறி, வேங்கை நிழலில் நின்று, பதினான்காம் நாள் அவள் விண்புக்கதைக் கண்டவர்கள் குன்றக் குறவர்கள். அவர்கள் சொல்லக் கேட்டுச் செங்குட்டுவன் இமயக் கல்லிற் படிமம் அமைத்தான் என்பது காப்பியம். அக்கோட்டம் இம்மலைமேல் உள்ளதே என்று, கரந்தைப் புலவர் பேராசிரியர் சி. கோவிந்தராசனார் கண்ணகி நடந்த வழியைக் காப்பியத்தைக் கையிற்கொண்டு தாமும் நடந்து பார்த்து 1963-இல் நிறுவினார். ஆயினும் இருமாநில அரசுகளின் ஏடுகளிலும் அது ‘மங்கலதேவி’ கோயில். கேரளத்தார் ‘மங்களாதேவி’ என்பர். இளங்கோவடிகள் மங்கல மடந்தை என்று தமிழாற் குறித்ததே தேவியாகி நின்றது. தேவி என்பதற்கும் தீ, தேய் என்று தமிழ்வேர் காட்டுவார் உளர். அவ்வாராய்ச்சி இங்கு வேண்டா. சொல் எம்மொழியாயினும், அவளுக்கென்று ஒரு பெயர் இருக்க அதனை விடுத்துப் பொதுப்பெயரால் அழைப்பது ஏன் என்பதே வினா.

கொடுங்கல்லூரில் வீற்றிருப்பவளைக் கண்ணகியோடு இணைத்தே மக்கள் பேசுவர். ஆயின் கோயிலின் பெயரில் அவள் ‘பகவதி’. சிங்களரிடையே அவள் ‘பத்தினி’. யாழ்ப்பாணத்திற் பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆறுமுக நாவலர், சமணச் சார்புடைய வணிகப் பெண்ணைத் தெய்வமாக்குவது சைவர்க்கு அடுக்காது என்று முழங்கினார். அதன்பின் கண்ணகி கோயில்கள் பல இராசராசேசுவரி முதலிய பெயர்களைப் பூண்டன. நாவலரின் தமிழ்த்தொண்டு பெரிது, இப்பிழையும் பெரிது. மட்டக்களப்பு மக்களோ அசையவில்லை. கண்ணகை என்று அவளை இன்றும் பெயர் சொல்லியே அழைத்து, வைகாசித் திங்களிற் குளிர்த்தி பாடுகின்றனர். கடல்கடந்த மட்டக்களப்பான் காத்த பெயரைக் கோட்டத்தின் அடிவாரத்துக் கூடலூரான் காக்கவில்லை.

பெண்ணை வைத்துக்கொண்டு பெயரைப் பறிக்கும் இச்சூழ்ச்சி தமிழர்க்கு மட்டும் நேர்ந்ததன்று. அயர்லாந்தின் தென்பால் கார்க்கு வட்டாரத்திற் பாலிவூர்னி என்றோர் ஊர் உண்டு. அவ்வூர்த் தூயவள் கொப்னிட்டு என்பாள். தேனீக்களின் காவலாகவும் நோய்தீர்ப்பவளாகவும் அவளை மக்கள் கொண்டாடுவர். பிப்பிரவரி 11 அவள் திருநாள். கொல்லனைக் குறிக்கும் ஐரியச் சொல்லின் அடியாகப் பிறந்தது அப்பெயர் என்பர். (தமிழ்க் காப்பியத்திற் கொல்லன் செய்த வேலை வேறு!) ஆங்கில ஆட்சியின் அழுத்தத்தில் அப்பெயர் ஏட்டில் ஏறவில்லை. ஒலி சற்றே ஒத்ததென்று அபிகாயில் என்று எழுதினர் சிலர். எபிரேய மொழியில் தேனீயைக் குறிக்கும் சொல் என்பதனால் தெபொராள் என்று எழுதினர் வேறு சிலர். இவ்விரு பெயரும் தமிழ் விவிலியம் படித்தோர் அறிந்தவையே. அடுக்களையிற் கொப்னிட்டு என்று தாய் அழைத்த பெண், பதிவேட்டில் யூதர் வரலாற்றுப் பெண்ணொருத்தியாக மாறினாள். ஒரு மக்களினத்தின் பெண்களுக்கு ஊர்ப்பெயர் ஒன்றும் ஏட்டுப்பெயர் ஒன்றுமாக இரட்டை வாழ்வு!

1892 நவம்பர் 25-ஆம் நாள் தபுலின் நகரில் தக்ளசு ஐடு என்னும் அறிஞர், அயர்லாந்தினின்று ஆங்கிலத் தன்மையைக் களைய வேண்டுவதன் இன்றியமையாமை பற்றிப் பேருரை ஆற்றினார். ஐரியர் தம் பெயர்களைத் துறந்து ஆங்கிலப் பெயர்களைப் பூணும் இழிவும் அவ்வுரையிற் கடியப்பட்டது. மறு ஆண்டே ஐரிய மொழிக் கழகம் தோன்றியது. பின்னர் 1938-இல் அவரே அந்நாட்டின் முதற் குடியரசுத் தலைவரானார். அவர் பேசிய அதே 1892-ஆம் ஆண்டிற்றான் உ.வே. சாமிநாதர் சிலப்பதிகாரத்தை முழுமையாக அச்சேற்றித் தமிழர் கையிற் கொடுத்தார். ஒரே ஆண்டு! அங்கே ஒரு மக்கள் தம் பெண்டிரின் பெயர்களை மீட்கக் கிளம்பினர். இங்கே ஒரு மக்களுக்கு அவர்தம் பெண்ணின் பெயர் ஏட்டினின்று மீண்டு வந்தது.

விளைவைப் பார்க்க. எழுதுவது ஒன்றும் ஒலிப்பது ஒன்றுமாய், ஆங்கிலேயன் நாவைச் சுளுக்கவைக்கும் ஐரியப் பெண்பெயர்கள் இன்று அந்நாட்டுப் பள்ளி ஏடுகளில் நிறைந்து கிடக்கின்றன. உங்கள் வாய்க்கு எளிதாக மாற்றிக்கொள்கின்றோம் என்று ஐரியர் பணியவில்லை. உலகத்தாரே அவற்றை ஒலிக்கக் கற்றுக்கொண்டனர். கொப்னிட்டு என்னும் பெயர் இன்றும் அருகியே வழங்குகின்றது. ஆயினும் அபிகாயில் என்னும் போர்வை அதற்கு இனித் தேவைப்படவில்லை. அம்மக்களுட் பெரும்பாலார் அன்றாடப் பேச்சில் ஐரிய மொழியை இழந்துவிட்டவர்கள் என்பதை மறக்கலாகாது. மொழியை இழந்தவர்கள் பெயரை மீட்டனர். மொழியை இழவாத தமிழரோ பெயரை இழந்துகொண்டிருக்கின்றனர்.

ஐரியர்க்குப் பகை அயலான் ஆட்சி. தமிழர்க்கு இன்று எந்த அயலானும் கைமுறுக்கவில்லை. தாமே கணியர் வீட்டு வாயிலில் வரிசை நிற்கின்றனர். குழந்தை பிறந்த நாழிகையைச் சொன்னால் ‘நட்சத்திர எழுத்து’ என்று நான்கெழுத்துகளைத் தாளில் எழுதித் தருகின்றான் கணியன். கணிப்பொறியே இன்று எழுதித் தருகின்றது. அவ்வெழுத்துகளைத் தமிழிலக்கணம் அறிந்தார் ஒருமுறை காணல் வேண்டும். பரணி நாள்மீனிற் பிறந்த குழந்தைக்கு லி, லு, லே, லோ. லகரம் தமிழில் மொழிக்கு முதலாகாது என்று தொல்காப்பியர் வரையறுத்துச் சென்றார். ஆகவே பரணியிற் பிறந்த தமிழ்க்குழந்தைக்குத் தமிழ்ப்பெயரே கிடையாது! அத்தத்திற் பிறந்தால் பூ ஒன்று தவிர ஏனையவை ஷ, ண, ட. ணகரத்தில் தொடங்கும் பெயரை உலகின் எம்மூலையிலிருந்து கொண்டு வருவது? இவை வடமொழியாளர் தம் தேவைக்கு வகுத்துக்கொண்ட அடைவு. அதிற் றமிழைத் திணித்தாலும் தமிழ் அடங்காது. அடங்காதபோது வெட்டப்படுவது தமிழே.

இக்கூத்தின் உச்சத்தைக் கம்பம் பள்ளத்தாக்கிலேயே காணலாம். சித்திரை முழுநிலா பெரும்பாலும் சித்திரை நாள்மீனை ஒட்டியே வரும். அந்நாள்மீனுக்குக் கணியர் வைத்த எழுத்துகள் பே, போ, ரா, ரி. கோட்டத்தின் கதவு திறக்கும் அதே நாளில் அடிவாரத்து மருத்துவமனையில் ஒரு பெண்மகவு பிறக்குமாயின், அதற்குக் கண்ணகி என்று பெயரிடக் கணியன் நூலில் இடமில்லை! கண்ணகிக்குரிய நாளிலே கண்ணகி என்னும் பெயருக்குத் தடை! பே என்னும் எழுத்தேனும் இருக்கின்றதே, அதிற் பேச்சி என்னும் மண்ணின் பெயர் உண்டே, பேரழகி என்று அழகாக அமைக்கலாமே என்றால், அதனை எவரும் தொடுவதில்லை. நேரே ரி என்பதற்குத் தாவி ரித்திகா என்று முடிக்கின்றனர். இலக்கணப்படி அதற்கு முன் இகரம் சேர்த்து இரித்திகா என்றல்லவா எழுதவேண்டும்?

இதற்கு மேலும் ஓர் இழிவு உண்டு. எண்கணியம் என்ற பெயரில், பெயரை ஆங்கில எழுத்தில் எழுதி, ஒவ்வோர் எழுத்திற்கும் ஓர் எண் தந்து, கூட்டிப் பார்த்து, கூட்டல் சரிவரவில்லையென்றால் எழுத்தொன்றை இடையே செருகுகின்றனர். வீராயி வயிற்றுப் பேர்த்தியின் ஆகூழை இலண்டன் எழுத்து முடிவுசெய்கின்றது! தன்னாட்சி கேட்டு முழங்கும் தமிழ்நாட்டில், தொட்டிற் குழந்தைக்குப் பெயரிடும் ஆட்சியை வடமொழி அடைவும் ஆங்கில நெடுங்கணக்கும் பங்கிட்டுக்கொண்டுள்ளன.

1968-இல் இரண்டாம் உலகத் தமிழ் மாநாட்டையொட்டிச் சென்னைக் கடற்கரையிற் கண்ணகிக்குச் சிலை நாட்டினர். 2001 திசம்பரில் அச்சிலை அகற்றப்பட்டபோது தமிழ்நாடு கொதித்தது, பாவலர் பாடினர், மேடைகள் அதிர்ந்தன, 2006 சூனில் சிலை மீண்டும் எழுந்தது. அப்போராட்டம் வேண்டியதே. ஆனால் அன்று முழக்கமிட்ட தொண்டர்களின் வீட்டுப் பதிவேடுகளைப் பார்க்க யாரும் துணிவதில்லை. சிலைக்கு மாலை இடும் கை, மகளுக்கு அப்பெயரை இடுவதில்லை. கோட்டம் எந்த மாநிலத்து எல்லைக்குள் அமைந்தது என்ற வழக்கும் நெடுங்காலமாக நடக்கின்றது. அவ்வழக்கில் தமிழர் உரிமையை விட்டுக்கொடுக்கலாகாது. ஆயின் அம்மலையைக் கேட்கும் குரலுக்கு வலுவூட்டுவது எது? எம் பெண்கள் அவள் பெயரைப் பூண்டு வாழ்கின்றனர் என்று கூடலூரும் கம்பமும் காட்டக்கூடுமாயின் அதைவிட வலிய சான்று வேறில்லை. இன்று அச்சான்று வெறுங்கையாக உள்ளது.

மறைமலையடிகள் 1916-இல் தனித்தமிழ் வாழ்வைத் தொடங்கியபோது முதலிற் கைவைத்தது தம் பெயரில். வேதாசலம் மறைமலை ஆனார். நாற்பது அகவை எய்திய ஒருவர், ஊரறிந்த பெயரைத் துறந்து மாற்றுப் பெயர் பூண எவ்வளவு இடர்ப்பட்டிருப்பார்! தொட்டிற் குழந்தைக்கு அவ்விடர் ஒன்றுமில்லை. அதற்கு இன்னும் பழைய பெயரே கிடையாது. பிறப்பைப் பதிந்தபின் பெயரை எழுதுவதற்கு ஓராண்டுக் காலம் கட்டணமின்றிச் சட்டமே இடம் தருகின்றது. அவ்வோராண்டிற்குள் ஒரு சித்திரை முழுநிலா பெரும்பாலும் வரும். பிள்ளையைத் தோளிற் சுமந்து பளியன்குடிப் பாதையில் ஏறும் பெற்றோர், பெயர் எழுதும் கட்டத்தை வெறுமையாகவே வைத்துக்கொண்டு ஏறட்டும். இறங்கி வந்து கூடலூர் நகராட்சி அலுவலகத்திலோ கம்பம் நகராட்சி அலுவலகத்திலோ நான்கே எழுத்தை எழுதட்டும்: கண்ணகி.